மூன்று மஞ்சள் கரு, அரை றாத்தல் பட்டர்

1992இல் ரொறன்ரோ நகர் நடுவில் ஒரு ஹோட்டலில் எனக்குக் கோப்பை கழுவும் வேலை கிடைத்தது. 1983 கலவரத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து கனடாவுக்கு வந்த எங்கள் ஆட்களில் கணக்கில்லாத பேர் தொடங்கியது அப்படியொரு தொட்டியடியில்தான். கிழமை நாட்களில் மத்தியானம் போனால் போதும். ஞாயிற்றுக்கிழமை மட்டும் விடிய ஐந்து மணிக்கு நிற்கவேண்டும், ஏனென்றால் அன்றைக்குப் பிரன்ச். காலைச் சாப்பாட்டையும் மதியச் சாப்பாட்டையும் ஒன்றாக்கிப் பத்து மணிக்குப் பிறகு ஆறுதலாக உட்கார்ந்து சாப்பிடுகிற வழக்கம் அது. பனியை உதறிவிட்டுக் குசினிக்குள் நுழைந்தால் முதலில் காதில் விழுவது ஒரு சத்தம். உருக்குக் கிண்ணத்தில் கம்பி விஸ்க் சுழல்கிற சத்தம், சரக் சரக் என்று, கால் மணி நேரம் நிற்காமல். ஹொலண்டேஸ் சோஸ் அப்படித்தான் தயாரானது.

விஸ்க்கைப் பிடித்திருந்தவர் பருத்தித்துறைக்காரர். எனக்கு எட்டு வருஷம் முந்தி வந்து, அதே தொட்டியடியில் தொடங்கி, காலைச் சமையலுக்குப் பொறுப்பாக வந்தவர். எல்லோருக்கும் அவர் அண்ணை. முட்டை ஓட்டின் இரண்டு பாதிக்கும் இடையே கருவை மாற்றி மாற்றி ஊற்றிப் பிரிப்பது வீட்டு முறை. அண்ணை உள்ளங்கையில் முட்டையை உடைத்து ஊற்றுவார். விரல் இடுக்கால் வெள்ளை வழிந்துபோகும், மஞ்சள் கரு மட்டும் கையில் நிற்கும். பன்னிரண்டு மஞ்சள் கரு, இரண்டு மூன்று கரண்டி தண்ணீர், மிளகு போட்டு வற்றவைத்த விநாகிரி கொஞ்சம். கிண்ணத்தைக் கொதிக்கும் பானையின் ஆவிக்கு மேலே வைத்து அடிக்கத் தொடங்குவார். கிண்ணத்தின் அடி தண்ணீரில் படக்கூடாது.

முதலில் நுரை பெரிது பெரிதாக வரும். பிறகு குமிழ் சிறுத்து, நிறம் வெளிறி, கஞ்சிப் பதத்துக்கு வரும். விஸ்க்கைத் தூக்கினால் விழுகிற கோடு மேலே இரண்டு விநாடி அழியாமல் கிடக்கவேண்டும். அந்த இடத்தில் கிண்ணத்தை இறக்கி, ஈரத் துணி சுற்றிய சட்டியில் இருத்தி, உருக்கித் தெளியவைத்த பட்டரைச் சொட்டுச் சொட்டாக விடத் தொடங்குவார். சோஸ் பட்டரைப் பிடித்துக்கொண்டது என்று தெரிந்த பிறகுதான் சொட்டு நூலாகும். இரண்டு றாத்தல் பட்டரும் உள்ளே போனபிறகு எலுமிச்சைச் சாறு, உப்பு, ஒரு சிட்டிகை மிளகாய்த் தூள்.

இதில் நடப்பது இதுதான். பட்டர் கொழுப்பு. முட்டைக் கருவில் பாதியளவு தண்ணீர். இரண்டும் சேராது. கருவில் உள்ள லெசிதினும் புரதங்களும் கொழுப்பைக் கண்ணுக்குத் தெரியாத துளிகளாகப் பிடித்து, துளியும் துளியும் ஒட்டாதபடி தண்ணீருக்குள் நிறுத்திவைக்கின்றன. மஞ்சள் கரு 65 பாகை செல்சியஸ் அளவில் தடிக்கத் தொடங்கும், 70ஐ நெருங்கினால் இறுகும், அதைத் தாண்டினால் முட்டைப் பொரியல். மிகவும் குளிர்ந்தால் பட்டர் உறைந்து சோஸ் பிரியும். இடையில் இருப்பது ஒடுங்கிய ஒரு பாதை. அண்ணையிடம் வெப்பமானி கிடையாது. நான் மேலே வந்து பழகத் தொடங்கியபோது அவர் சொன்னது இவ்வளவுதான்:

“தம்பி, கிண்ணத்தின்ரை அடியிலை கையை வைச்சுப் பார். உனக்கு ஏலாட்டி முட்டைக்கும் ஏலாது.”

இந்தச் சோஸின் பெயருக்கு ஒல்லாந்துச் சோஸ் என்று பொருள். ஆனால் வளர்ந்தது பிரெஞ்சுக் குசினியில். 1651இல் லா வரென் எழுதி அச்சான சமையல் புத்தகத்தில் அஸ்பரகஸுக்கு ஒரு சோஸ் இருக்கிறது: நல்ல பட்டர், கொஞ்சம் விநாகிரி, உப்பு, சாதிக்காய், சேர்த்துப் பிடிக்க ஒரு மஞ்சள் கரு. திரைந்துவிடாமல் பார்த்துக்கொள் என்று எச்சரிக்கையும் கூடவே இருக்கிறது. அவர் ஒரு மார்க்கிஸின் சமையல்காரர். சாப்பிட்டவர்கள் பிரபுக்கள். மூன்றரை நூற்றாண்டு கழித்து அண்ணை எனக்குத் தந்ததும் அதே எச்சரிக்கைதான். பிரெஞ்சுச் சமையல்காரர் எஸ்கொஃபியேயின் பெரும் சமையல் நூல் 1903இல் வந்து, 1907இல் ஆங்கிலத்துக்குப் போனபோது, மற்றச் சோஸ்களுக்குத் தாயான ஐந்தில் ஒன்றாக ஹொலண்டேஸ் இடம்பிடித்திருந்தது. எலுமிச்சைக்குப் பதில் விநாகிரியும் தராகொன் இலையும் சேர்த்தால் பெயர்னேஸ். அடித்த கிரீம் சேர்த்தால் முஸ்லின்.

தண்ணீரில் உடைத்து அவித்த முட்டையோடு அதைச் சேர்த்தது நியூயோர்க். டெல்மோனிக்கோஸ் உணவகத்தின் சமையல் தலைவர் சார்ல்ஸ் ரான்ஹோஃபர் 1894இல் வெளியிட்ட புத்தகத்தில் அந்த முட்டை இருக்கிறது: பாதியாக வெட்டி வாட்டிய மஃபின், அதன் மேல் வட்டமாக வெட்டிய ஹாம், அதன் மேல் முட்டை, எல்லாவற்றுக்கும் மேல் ஹொலண்டேஸ். லெமுவெல் பெனடிக்ட் என்ற பங்குச் சந்தைக்காரர் அதே 1894இல் தான்தான் வால்டோர்ஃப் ஹோட்டலில் முதலில் அதைக் கேட்டு வாங்கியதாக 1942இல் ஒரு சஞ்சிகைக்குச் சொன்னார். யார் முதல் என்ற வழக்கு இன்னும் தீரவில்லை. எனக்கு அதில் அக்கறையும் இல்லை. கேட்டு வாங்கியவர்களின் பெயர் நிலைத்துவிட்டது. கிண்ணத்தை அடித்தவர்களின் பெயரை யாரும் எழுதிவைக்கவில்லை. எனக்கு வருத்தம் அதில்தான்.

ஹாஷ் வந்த வழி முற்றிலும் வேறு. வெட்டுதல் என்ற பொருளுள்ள பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. மிஞ்சிய இறைச்சியையும் அவித்த உருளைக்கிழங்கையும் சின்னச் சின்னதாக வெட்டி, வெங்காயத்தோடு தாச்சியில் முறுகவிடுவது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் அமெரிக்காவில் மலிவான சாப்பாட்டுக் கடைகளுக்கே ‘ஹாஷ் ஹவுஸ்’ என்று பெயர் வந்தது. நேற்றைய எச்சத்தை இன்றைக்கு வெட்டிப் போடுகிற இடம் என்று அர்த்தம். அதிகம் புழங்கியது கோர்ண்ட் பீஃப் ஹாஷ். இங்கே ‘கோர்ன்’ என்பது சோளம் அல்ல. தானியமணி அளவு பெரிய உப்புக் கல்லில் ஊறிய மாட்டிறைச்சி என்பதால் வந்த பெயர்.

எங்கள் ஹோட்டல் மெனுவில் அந்த நாளில் ஹாஷ் இல்லை. ஆனால் குசினியில் இருந்தது. பிரன்ச் மூன்று மணிக்கு முடியும். சனிக்கிழமை விருந்தில் மிஞ்சிய இறைச்சியையும், வெட்டும்போது உடைந்துபோன கிழங்கையும் ஒரு கனமான இரும்புத் தாச்சியில் போட்டு அண்ணை முறுகவிடுவார். கிளறமாட்டார். அதுதான் அதன் சூட்சுமம். அமத்திவிட்டு, அடியில் பொன்னிறத்தில் ஓடு பிடிக்கும்வரை தொடாமல் இருக்கவேண்டும். எங்களில் பலர் மாடு சாப்பிடாதவர்கள். அவர்களுக்குப் பக்கத்து அடுப்பில் வேறு தாச்சி: கிழங்கும் வெங்காயமும் பச்சை மிளகாயும். உடைத்து அவித்துக் குளிர்தண்ணீரில் போட்டுவைத்த முட்டைகளில் மிஞ்சியதைச் சுடுதண்ணீரில் ஒரு நிமிஷம் காட்டி மேலே வைப்பார். கடைசியாகக் கிண்ணத்தின் அடியில் கிடக்கும் ஹொலண்டேஸை வழித்து ஊற்றுவார். தமிழர், பிலிப்பினோக்காரர், போர்த்துக்கேயர் என்று எட்டுப் பத்துப் பேர் அடுப்படியில் நின்றபடியே தட்டைக் கையில் ஏந்திச் சாப்பிட்டோம். முறுகிய கிழங்கின் உப்பும், உடைந்து ஓடுகிற மஞ்சள் கருவும், எலுமிச்சைப் புளிப்போடு பட்டரும். விருந்தினர் மேசையில் மஃபினும் ஹாமும் இருந்தன. அதைவிட நல்ல சாப்பாட்டைச் சாப்பிட்டவர்கள் நாங்கள் என்று அன்றைக்கும் நம்பினேன், இன்றைக்கும் நம்புகிறேன்.

இப்போது அதே நகரத்தில் பிரன்ச் மெனுக்களைப் பாருங்கள். கோர்ண்ட் பீஃப் ஹாஷ், மேலே இரண்டு முட்டை, ஹொலண்டேஸ். பெனடிக்ட்டுக்குப் பக்கத்திலேயே அச்சடித்திருக்கிறார்கள், விலையும் அதற்குக் குறைவில்லை. மிச்ச இறைச்சி கிடைக்காததால் ஹாஷுக்கென்றே ஐந்து ஆறு நாள் உப்புநீரில் இறைச்சியை ஊறப்போடுகிறார்கள். வாத்து ஹாஷ் இருக்கிறது, வற்றாளங்கிழங்கு ஹாஷ் இருக்கிறது. மாடு தின்னாத எங்களுக்காக அண்ணை ஒதுக்கிவைத்த அந்தத் தாச்சிகூட மரக்கறி ஹாஷ் என்று மெனுவில் ஏறிவிட்டது. ஏழைச் சாப்பாடு மேலே ஏறியதில் எனக்குச் சந்தோஷந்தான். அதற்குரிய மரியாதை பிந்தியாவது வந்தது.

ஹொலண்டேஸ் கதை எதிர்த்திசையில் போயிற்று. அது அரண்மனையிலிருந்து வீட்டுக்கு இறங்கியது, வீட்டிலிருந்து பக்கெட்டுக்கும் இறங்கியது. முதல் இறக்கம் நல்லது. பிளெண்டர் 1930களின் கடைசியில் அமெரிக்கக் கடைகளுக்கு வந்தது. ஜூலியா சைல்ட் இரண்டு பிரெஞ்சுத் தோழிகளோடு எழுதி 1961இல் வெளிவந்த சமையல் நூல் கையால் அடிக்கும் முறையை முதலில் சொல்லிவிட்டு, பிளெண்டர் முறையையும் தந்தது. எட்டு வயதுப் பிள்ளைக்கும் இது முடியும் என்றார்கள். கூடவே, மஞ்சள் கருவின் குணம் தெரியாமல் நல்ல சமையல்காரராக முடியாது, அதனால் கையாலும் பழகுங்கள் என்றும் சொன்னார்கள். ஒரு கருவுக்கு மூன்று அவுன்ஸ் பட்டர் உச்ச அளவு, புதிதாகப் பழகுகிறவர்கள் இரண்டோடு நிறுத்திக்கொள்ளுங்கள் என்று கணக்கும் கொடுத்தார்கள். நான் இன்றும் பின்பற்றும் கணக்கு அது.

அதற்குப் பத்து வருஷம் கழித்து, கலிபோர்னியாவின் சான்டா பார்பராவில் ஒரு மக்டொனால்ட்ஸ் கிளையை நடத்திய ஹெர்ப் பீட்டர்சன், பெனடிக்ட் முட்டையைக் கையில் பிடித்துச் சாப்பிடும் பண்டமாக்கப் பார்த்தார். பக்கெட் ஹொலண்டேஸை முயன்றார், அது தண்ணீராக ஓடியது. அதை விட்டுவிட்டு ஒரு துண்டு சீஸை வைத்தார். எக் மக்மஃபின் பிறந்தது அப்படி. ஒவ்வொரு விடியலிலும் எத்தனையோ பேர் காரில் போய்க்கொண்டே சாப்பிடும் அந்தச் சீஸ் துண்டு, ஹொலண்டேஸ் இருந்திருக்கவேண்டிய இடத்தில் இருக்கிறது.

இதற்கிடையில் மஞ்சள் கரு இரண்டு முறை குற்றவாளிக் கூண்டில் ஏறியது. அமெரிக்க இதயச் சங்கம் 1968இல் வாரத்துக்கு மூன்று மஞ்சள் கருவுக்கு மேல் வேண்டாம் என்று சொன்னது. உணவிலுள்ள கொலஸ்ட்ரோலுக்கு ஒரு நாளைக்கு 300 மில்லிகிராம் என்று வைத்திருந்த எல்லையை அமெரிக்க அரசின் உணவு வழிகாட்டி எடுத்துவிட, 2015க்கான பதிப்புவரை பொறுக்கவேண்டியிருந்தது. அந்தப் பயம் இன்றைக்குப் பெரும்பாலும் அடங்கிவிட்டது.

இரண்டாவது பயம் நியாயமானது. சால்மொனெல்லாக் கிருமி 1980களில் ஓடு உடையாத முட்டைக்குள்ளேயே பரவத் தொடங்கியது. பிரித்தானியாவில் 1988 டிசம்பரில் அமைச்சர் எட்வினா கரி அதைப் பற்றி வாய்திறந்து, முட்டை விற்பனை சரிந்து, அவர் பதவியும் போனது. கோழிகளுக்குத் தடுப்பூசி, சிங்க முத்திரை என்று கட்டுப்பாடுகள் வந்து, அந்த முத்திரையுள்ள முட்டையைக் கர்ப்பிணிகளும் அரைவேக்காட்டில் சாப்பிடலாம் என்று அந்த நாட்டு உணவுத்தர முகமை 2017இல் அறிவித்தது. இடையில் 2000இல் அன்ரனி போர்டெய்ன் என்ற நியூயோர்க் சமையல்காரர் எழுதிய புத்தகம், பிரன்ச் ஹொலண்டேஸைத் தொடாதே என்று வாசகரை எச்சரித்தது. குசினிக்குள் அதைப் பற்றிப் பேசாதவர் இல்லை.

அவர் சொன்னது பொய்யல்ல. எங்கள் கிண்ணமும் அடுப்புக்கு மேலுள்ள தட்டில் இளஞ்சூட்டில் மணித்தியாலக் கணக்கில் இருந்தது. கிருமி பெருகப் பிடித்த சூடு அதுதான். ஒன்ராறியோச் சட்டப்படி சூடாக வைக்கும் உணவு 60 பாகைக்குக் கீழே போகக்கூடாது. ஆனால் 65ஐத் தாண்டினால் சோஸுக்கு ஆபத்து. இந்த ஐந்து பாகைக்குள் ஒரு கிண்ணத்தைக் காலை முழுக்க நிறுத்துவது கையால் ஆகிற வேலை இல்லை. அந்த மூன்று மணிச் சாப்பாட்டை நினைத்தால் இப்போது எனக்குக் கொஞ்சம் நடுங்கும். இன்றைக்கு யாராவது அப்படிச் செய்தால் விடமாட்டேன்.

1994இல், அன்னையர் தினத்தன்று, அந்தத் தட்டில் வைத்த கிண்ணம் என் பொறுப்பில் இருந்தது. வருஷத்திலேயே அதிகக் கூட்டம் வருகிற ஞாயிறு அது. கதவு திறக்கக் கால் மணி நேரம் இருக்கும்போது திரும்பிப் பார்த்தால், மஞ்சள் எண்ணெய் மேலே மிதக்கிறது, கீழே மணல்போல ஏதோ கிடக்கிறது. இரண்டு றாத்தல் பட்டர். கைகால் ஓடவில்லை. அண்ணை ஏசவில்லை. துளி எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தார். “அவியேல்லை, பிரிஞ்சுதான் இருக்கு” என்றார். புதுக் கிண்ணத்தில் ஒரு மஞ்சள் கருவும் ஒரு கரண்டி இளஞ்சூட்டுத் தண்ணீரும் போட்டு அடித்து, பிரிந்த சோஸைக் கரண்டி கரண்டியாக அதற்குள் கொண்டுவந்தார். ஐந்து நிமிஷத்தில் பழைய பளபளப்பு வந்துவிட்டது. அவிந்த முட்டையை மீட்க முடியாது, பிரிந்த சோஸை மீட்கலாம். வித்தியாசத்தை நாக்கு சொல்லும். எந்தப் புத்தகத்திலும் வாசிப்பதற்கு முன் எனக்கு அது அன்றைக்குத் தெரிந்தது.

இன்றைய நல்ல குசினிகள் பலவற்றில் அடிக்கும் சத்தம் இல்லை. பெட்டியில் வருகிற, கிருமி நீக்கிய மஞ்சள் கருவைப் பட்டரோடும் எலுமிச்சையோடும் பையில் கட்டி, 63 பாகையில் பிசகாமல் நிற்கும் தண்ணீர்த் தொட்டியில் போடுகிறார்கள். பிறகு வாயு அடைத்த சைஃபன் போத்தலில் ஊற்றித் தொட்டியிலேயே நிறுத்திவைக்கிறார்கள். கட்டளை வந்ததும் அமத்தினால் பஞ்சுபோல வருகிறது. முட்டையும் அப்படித்தான். ஓட்டோடு அதே வெப்பத்தில் ஒரு மணி நேரம் இருந்து, உடைத்ததும் உருவம் குலையாமல் வழுக்கி விழுகிறது. விநாகிரித் தண்ணீரைச் சுழற்றி, ஓட்டைக் கரண்டியில் தளர்ந்த வெள்ளையை வடித்து, மூன்று நிமிஷம் எண்ணுகிற வேலை பல இடங்களில் நின்றுபோயிற்று. பாதுகாப்பானது, ஒரே தரமானது. குறை சொல்ல எனக்கு மனமில்லை.

எனக்குக் கோபம் பக்கெட்டில்தான். மாவும் பால்தூளும் வாசனையும் கலந்த தூளைத் தண்ணீரில் கரைத்துக் காய்ச்சி, மஞ்சளாக இருக்கிறது என்பதற்காக அந்தப் பெயரைச் சொல்லி விற்பது. ஜெர்மனியில் ஜூன் 24 வரை நடக்கும் வெள்ளை அஸ்பரகஸ் பருவத்தில் காய்க்குப் பக்கத்திலேயே பெட்டி பெட்டியாக ஆயத்தச் சோஸை அடுக்கியிருக்கிறார்கள். அங்குள்ள என் மைத்துனர் வீட்டில் சாப்பிட்டேன். கெட்டியாக இருந்தது, உப்பாக இருந்தது, முட்டையின் ருசி தேடவேண்டியிருந்தது. பிரன்ச் என்று பெயர் போட்டுப் பணம் வாங்கும் கடைகளும் இதைத்தான் ஊற்றுகின்றன. முட்டைக்கு மேல் தோல்போல ஆடை பிடித்து நிற்கும் சோஸ் வந்தால் எதுவென்று தெரிந்துகொள்ளலாம். மூன்று கருவும் ஒரு தேசிக்காயும் வாங்க முடியாத கடையா அது?

என் மகள் ஸ்காபரோவில் அவளுடைய வீட்டில் செய்வதைப் போன மாதம் பார்த்தேன். உயரமான கண்ணாடிக் குவளை ஒன்று, அதற்குள் மூன்று மஞ்சள் கரு, தேசிக்காய்ச் சாறு, ஒரு கரண்டி தண்ணீர். மேலே குமிழ்விடுகிற சூட்டில் உருக்கின பட்டர். கைப் பிளெண்டரை அடிவரை இறக்கி அமத்தி, மெல்ல மேலே இழுத்தாள். அரை நிமிஷம் ஆகவில்லை. சாப்பிட்டுப் பார்த்தேன். கையால் அடித்ததில் காற்று இருக்கும், அது நாக்கில் லேசாகக் கரையும். இது அடர்த்தி. ஆனால் உண்மையான ஹொலண்டேஸ்தான். பக்கெட்டை வாங்காமல் இதைச் செய்தாளே என்று மனம் நிறைந்தது. “அப்பா, ஒருக்கா விஸ்க்காலையும் காட்டித் தாங்கோ” என்று அவளே கேட்டாள். மணிக்கட்டு முந்திப்போல இல்லை. பாதியில் அவளிடம் கொடுத்துவிட்டு, கிண்ணத்தின் அடியில் கையை வைத்துப் பார்க்கச் சொன்னேன்.

நீங்களும் ஒருமுறை செய்து பாருங்கள். முதல்நாள் மிஞ்சிய அவித்த கிழங்கை வெட்டி, வெங்காயத்தோடும் கைக்குக் கிடைத்த இறைச்சியோடும் கனத்த தாச்சியில் கிளறாமல் முறுகவிடுங்கள். புது முட்டையாகப் பார்த்து வாங்கி, கொதி அடங்கிய தண்ணீரில் மூன்று நிமிஷம் விடுங்கள். சோஸுக்கு மூன்று மஞ்சள் கரு, அரை றாத்தல் பட்டர், ஒரு தேசிக்காய். கர்ப்பிணிகளும் சின்னப் பிள்ளைகளும் வயதானவர்களும் வீட்டில் இருந்தால் கிருமி நீக்கிய முட்டையை எடுங்கள். கிண்ணத்தை அடுப்படியில் வைத்துவிட்டுப் போகவேண்டாம். எல்லோரையும் மேசைக்குக் கூப்பிட்ட பிறகு அடிக்கத் தொடங்குங்கள், அடித்த கையோடு ஊற்றுங்கள்.